புறங்கை

எண்ணெய் தொட்ட கட்டைவிரலோடு வில்மெர் சாமியார் குனிந்தபோது, எராஸ்மோ தன் இரண்டு கைகளையும் கவிழ்த்துப் போட்டார்.

நெற்றியில் பூசியாகிவிட்டது. அடுத்தது உள்ளங்கைகள். கட்டிலோரம் நின்ற நூபியா, அப்பாவுக்குப் புரியவில்லை என்று நினைத்து, வலது கையைப் பிடித்து நிமிர்த்தி வைத்தாள். அவர் மறுபடி கவிழ்த்தார். நாலு நாளாக ஒரு கரண்டி சோளக்கஞ்சி விழுங்கத் தெம்பில்லாத மனுஷன். கையில் எங்கிருந்து இவ்வளவு பலம்? முப்பது வருஷத்துக்கு மேல் லாரி டயர்களைக் கழற்றி மாட்டிய கை. நகக்கண்ணில் ஏறியிருந்த கறுப்பு இனி எந்தச் சோப்புக்கும் போகாது.

"கையைத் திருப்புங்கப்பா. சாமி எண்ணெய் பூசணும்ல."

எராஸ்மோ சாமியாரையே பார்த்தார். சாமியார் கவிழ்ந்திருந்த கைகளைப் பார்த்தார். விரல் அந்தரத்தில் நின்றது. ஒரு சொட்டு எண்ணெய் போர்வையில் விழுந்தது.

"இருக்கட்டும் நூபியா. விட்டுடுங்க" என்று சொல்லிவிட்டு, சாமியார் புறங்கைகளில் ஒவ்வொன்றாகச் சிலுவை வரைந்தார். எத்தனையோ கட்டில்களின் பக்கத்தில் சொன்ன செபம்தான். பாதியில் தடுமாறி, மறுபடி முதலிலிருந்து ஆரம்பித்தார்.

பகல் பதினொரு மணிக்கு அப்பா போய்விட்டார். கால்மாட்டில் உட்கார்ந்திருந்த அம்மா லெயோகாடியா அவர் கண்களை மூடிவிட்டு, எழுந்து போய் வரப்போகிறவர்களுக்காகக் காப்பிக்குத் தண்ணீர் வைத்தாள். அதற்குப் பிறகுதான் அடுப்பின் முன்னால் நின்று அழுதாள்.

நூபியா கொல்லையில் தண்ணீர் பிடித்துக்கொண்டிருந்தபோது எதெல்வினா கிழவி பின்னாலேயே வந்தாள். எண்ணெய் பூசியபோது சாமியார் பின்னால் நின்றவள், ஐம்பது வருஷமாகக் கோயில் பீடத்துணிகளைத் துவைப்பவள். ஊரில் எந்த வீட்டில் என்ன ரகசியம் என்று அவளுக்குத் தெரியும், தெரிந்ததை வாய்க்குள் வைத்துக்கொள்ளத் தெரியாது.

"ஏ புள்ள, நீ பாத்தியா?"

"எதை?"

"கையை. என் ஆயுசுல ரெண்டு பேருதான் அப்படிக் கவுத்துக் காட்டிப் பாத்திருக்கேன். ஒருத்தர் நம்ம பழைய பங்குச் சாமியார். இன்னொருத்தர் ஆயர்."

"சாகப்போற மனுஷன் கையைக் கவுத்தா அதுல என்ன பெரியம்மா?"

"உனக்கும் எனக்கும் உள்ளங்கையில பூசுவாங்க. சாமியார்களுக்குப் புறங்கையிலதான். சாமியார் பட்டம் குடுக்குற அன்னைக்கே அவங்க உள்ளங்கையில பூசியாச்சு. ஒரு தரம் பூசின எடத்துல மறுபடி பூசக்கூடாது."

நூபியாவுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. "எங்கப்பாவா? ஜாக்கி கால்ல விழுந்த அன்னைக்கு அவர் வாயில வந்த பூசையை நீங்க கேட்டதில்லையே!"

சிரித்துக்கொண்டே இருந்தவள் சட்டென்று நிறுத்தினாள். குடம் நிரம்பி வழிந்தது.

அப்பா ஞாயிறு தவறாமல் கோயிலுக்கு வருவார். ஆனால் வாசலோரக் கடைசிப் பெஞ்சுதான். பூசையில் கொடுக்கும் நன்மை அப்பத்தை ஒரு நாளும் வாங்கினதில்லை. அம்மாவும் அவருமாகப் பதிவுக் கல்யாணக் காகிதத்தோடு எல்லைக்கு அந்தப் பக்கமிருந்து வந்தவர்கள். கோயில் கல்யாணத்தை மட்டும், காப்பி அறுவடை முடியட்டும், மழை விடட்டும் என்று அப்பா தள்ளிப் போட்டுக்கொண்டே இருந்தார். லெயோகாடியாவுக்குக் கோயில் கல்யாணமும் நம்ம தெருவுக்குத் தார் ரோடும் ஒரே நாளில் வரும் என்று ஊரே கேலி பேசும். அம்மாவும் கூடச் சேர்ந்து சிரிப்பாள்.

அப்புறம் அந்தத் துப்பறியும் புத்தகங்கள். வில்மெர் சாமியாருக்கு அதில் பைத்தியம். சனிக்கிழமைதோறும் பஞ்சர் கடையில் டயர் அடுக்கின் மேல் உட்கார்ந்து அப்பாவோடு மாற்றிக்கொள்வார். முப்பதாம் பக்கத்துக்குள் அப்பா கொலைகாரனைச் சொல்லிவிடுவார். ஒரு கதையில், பாவசங்கீர்த்தனப் பலகைக்குப் பின்னால் உட்கார்ந்து கேட்ட பாவத்தை ஒரு சாமியார் போலீஸ்காரனுக்குக் கண்ஜாடையில் காட்டிக்கொடுப்பார். அப்பா அந்தப் புத்தகத்தை டியூப் முக்கும் தொட்டியில் விட்டெறிந்தார். "காதுல வாங்கினவன் கண்ணாலகூடச் சொல்லமாட்டான்! இதை எழுதினவன் ஒரு நாளாவது அந்தப் பலகைக்கு அந்தப் பக்கம் உக்காந்து பாத்திருக்கணும்" என்றார். சாமியார் விழுந்து விழுந்து சிரித்தார். சோறு கொண்டுபோயிருந்த நூபியாவும் சிரித்தாள்.

இப்போது நூபியா வழிகிற குடத்தை நகர்த்தி வைத்துவிட்டுக் கிழவியின் கையைப் பிடித்தாள்.

"பெரியம்மா, அம்மாகிட்ட மூச்சு விடாதீங்க. நாளைக்கு அடக்கம் முடியட்டும்."

"என் வாயை நீ என்னன்னு நெனச்ச?" என்றாள் எதெல்வினா. அவள் வாயை என்னவென்று தெரிந்ததால்தான் நூபியாவுக்குப் பயமாக இருந்தது. சாமியார் வைத்திருந்தவள் என்று ஒரு சொல் கிளம்பினால் போதும், அம்மா இந்தத் தெருவில் தலைநிமிர்ந்து நடக்க முடியாது. முப்பத்தாறு வருஷம் புருஷன் என்று நம்பிச் சமைத்துப் போட்டவள். அவளுக்கு இதை யார் போய்ச் சொல்வது?

அடக்கத்துக்கு நேரம் குறிக்கப் போவதாகச் சொல்லிவிட்டு நூபியா சாமியார் வீட்டுக்குப் போனாள். அவர் மேசை முன்னால் சாப்பிடாத தட்டோடு உட்கார்ந்திருந்தார்.

"சாமி, எங்கப்பா யாரு?"

"அதைக் கேக்காதீங்க."

"காலையில எங்களை எல்லாம் வெளிய அனுப்பிட்டு முக்கால் மணி நேரம் சங்கீர்த்தனம் கேட்டீங்களே. ஆமான்னோ இல்லைன்னோ ஒரு சொல்லு சொல்லுங்க, போதும்."

"ஆமான்னாலும் சொல்லக்கூடாது, இல்லைன்னாலும் சொல்லக்கூடாது. அது ஏன்னு உங்கப்பாவே…" சாமியார் பாதியில் நிறுத்தினார். அந்த ஒரு வார்த்தையே கூடிப்போய்விட்டதோ என்று முகம் வெளுத்துப்போயிற்று. தன்னைவிட அவர்தான் அதிகம் நடுங்கிப்போயிருக்கிறார் என்று அவளுக்குப் பட்டது.

"நாளைக்குப் பூசை உண்டா?"

"பத்து மணிக்கு. எல்லாருக்கும் வைக்கிற மாதிரி."

துக்க வீட்டில் லாரிக்காரர்கள் சீட்டாடினார்கள், அப்பாவின் கோபத்தைப் பற்றிக் கதை சொல்லிச் சிரித்தார்கள். நூபியா எதெல்வினாவுக்கும் அம்மாவுக்கும் நடுவில் நாற்காலியைப் போட்டுக் காவல் இருந்தாள். பெட்டிக்குள் கிடந்தவர் மேல் ஆத்திரம் ஆத்திரமாக வந்தது. ஏமாத்திட்டீங்களேப்பா, அம்மாவைப் போய் ஏமாத்திட்டீங்களே என்று மனசுக்குள் திட்டிக்கொண்டே இருந்தாள். அம்மாவோ வந்தவர்களுக்கு ரொட்டி போதுமா என்று கேட்டுக்கொண்டு திரிந்தாள்.

மறுநாள் காலை ஆறு பேர் பெட்டியைக் கோயிலுக்குள் தூக்கி வந்தார்கள். லாரிக்காரன் கண்டிதோ முன்னால் பிடித்திருந்தான். பீடத்துக்கு முன்னால் இருந்த முக்காலிகளின் மேல் இறக்கிவிட்டு முகத்தைத் துடைத்தான். வில்மெர் சாமியார் தீர்த்தச் செம்போடு இறங்கி வந்தார்.

முதல் பெஞ்சிலிருந்து அம்மா எழுந்தாள். "திருப்பி வைங்க" என்றாள்.

"சரியாத்தான் இருக்குக்கா. கால் பீடத்தைப் பாத்திருக்கு."

"தலை பீடத்துப் பக்கம் வரணும்."

"ஐயோ, அது சாமியாருங்களுக்குக்கா. அவங்களைத்தான் ஜனங்களைப் பாத்தாப்ல வைப்பாங்க."

"தெரிஞ்சுதான் சொல்றேன் கண்டிதோ. திருப்பு."

நூபியா திரும்பி எதெல்வினாவை முறைத்தாள். கிழவி நெஞ்சில் கையை வைத்துக்கொண்டு, நான் இல்லை, நான் இல்லை என்று தலையை ஆட்டினாள். அவள் கண்ணில் நிஜமான பயம் இருந்தது.

"அம்மா, உனக்கு யாரு சொன்னா?"

"எனக்கு யாருடி சொல்லணும்?" அம்மாவின் குரல் உயரவில்லை. ஆனால் கடைசிப் பெஞ்சு வரைக்கும் கேட்டது. "அங்க சண்டை நடந்தப்ப, எங்க ஊர்ச் சாமியாரா இருந்த இவரைப் பட்டாளத்துக்காரன் வீடு வீடாத் தேடினான். என் மொதல் புருஷன் காய்ச்சல்ல போயி அப்ப மூணு மாசம். அவனோட காகிதத்தை இவர் சட்டைப் பையில வெச்சு, என் புருஷன்னு சொல்லி ஆத்தைத் தாண்டிக் கூட்டிட்டு வந்தவ நான். எராஸ்மோன்றது அவன் பேரு."

நூபியா பெஞ்சின் விளிம்பைப் பிடித்துக்கொண்டாள்.

"சண்டை ஓஞ்சதும் திரும்பிப் போயிடுறேன்னாரு" என்றாள் அம்மா, இப்போது அவளிடம் மட்டும். "சண்டை ஓஞ்சப்ப நீ வயித்துல இருந்த. போகல. நானும் போங்கன்னு சொல்லல."

நேற்றிலிருந்து அம்மாவிடமிருந்து எதை மறைக்க இவள் காவல் இருந்தாளோ, அதையே அம்மா இவள் பிறந்ததிலிருந்து இவளிடம் மறைத்துக் காவல் இருந்திருக்கிறாள். அம்மாவைக் கட்டிக்கொள்ள வேண்டும் போலவும், பிடித்து உலுக்க வேண்டும் போலவும் இருந்தது நூபியாவுக்கு. இரண்டையும் செய்யவில்லை.

"இப்ப எதுக்கும்மா? ஊரே பாக்குது."

"கையை அவரே திருப்பிட்டாரு. மிச்சத்தை நாமதான் திருப்பணும்."

கண்டிதோ சாமியாரைப் பார்த்தான். சாமியார் ஆமாம் என்றும் சொல்லவில்லை, இல்லை என்றும் சொல்லவில்லை. கண்டிதோ பெருமூச்சு விட்டு, "தூக்குங்கடா" என்றான். நடைவழி குறுகல். பெட்டியை வாசல் வரைக்கும் பின்னால் கொண்டுபோய், வெயிலில் ஒரு சுற்றுச் சுற்றித் தலைமுன்னாகக் கொண்டு வந்தார்கள். ஒரு பெஞ்சில் பெட்டியின் மூலை இடித்தது. "மெதுவா" என்றாள் அம்மா. பெட்டி தாண்டிப் போகப் போக ஒவ்வொரு வரிசையாக ஜனங்கள் எழுந்து நின்றார்கள். மரியாதைக்கு எழுந்தார்களோ, எட்டிப் பார்க்க எழுந்தார்களோ, அவர்களுக்கே தெரிந்திருக்காது.

பெட்டி இறங்கியதும் சாமியார் அம்மாவின் அருகில் வந்தார். "எந்தப் பேரைச் சொல்லி மன்றாடட்டும், அம்மா?"

"பசிலியோ" என்றாள் அம்மா. எத்தனை வருஷம் வாய்க்குள்ளேயே கிடந்ததோ, முதல் தடவை சரியாக வரவில்லை. தொண்டையைச் செருமிக்கொண்டு மறுபடி சொன்னாள். "பசிலியோ."

சாமியார் தீர்த்தம் தெளித்தார். "ஆண்டவரே, உமது குருவாகிய பசிலியோவுக்கு நித்திய இளைப்பாற்றியை அளித்தருளும்."

பதில் சொல்ல வேண்டிய இடத்தில் அம்மா ஒருத்தி மட்டும், "முடிவில்லாத ஒளி அவர் மேல் பிரகாசிக்கக்கடவது" என்றாள்.

அப்போதுதான் காப்பி மண்டிக்காரர் மலர்வளையத்தைத் தோளில் மாட்டிக்கொண்டு, தாமதமாகி வேர்க்க விறுவிறுக்க உள்ளே வந்தார். நூபியாவின் பக்கத்தில் நின்று குனிந்து, "யாரும்மா பசிலியோ?" என்று கேட்டார்.

"எங்கப்பா" என்றாள்.

அவர் தொப்பியைக் கழற்றினார். வளையத்தின் ரிப்பனில் எழுதியிருந்த பேரை ஒரு தரம் படித்துப் பார்த்தார். பிறகு அதைக் கீழே வைப்பதா வேண்டாமா என்று தெரியாமல் கையில் பிடித்துக்கொண்டு நின்றார்.