நீல மங்கு

"அந்தக் கப்புல குடிக்காதீங்க தம்பி, கீழ வைங்க!"

டோரீன் போட்ட சத்தத்தில் மகேன் கையிலிருந்த தேநீர் தளும்பிவிட்டது. அந்த வீட்டில் படப்பிடிப்புக்கு வந்திருந்த கோலாலம்பூர் டிவி நாடகக் குழுவின் கலைப் பொறுப்பாளர் அவர். சமையலறைச் சன்னலுக்கு வெளியே ஆணியில் தொங்கிய நீல எனாமல் மங்குக் குவளையை எடுத்து, தானே ஊற்றிக்கொண்டிருந்தார்.

"அது குமுதா குடிக்கிறது," என்றாள் டோரீன். அதற்குமேல் விளக்கம் வேண்டுமா என்ன?

டோரீனின் மகள் சிந்தியா பக்கத்திலேயே நின்றாள். அந்த நாடகத்தை எழுதியவளே அவள்தான். பதினான்காம் காட்சியில் எஸ்டேட்டில் கணக்கெழுதும் கிராணி வீட்டில் வேலைக்காரிக்கென்று தனிக் குவளை. வீட்டுப் பெண் அதைத் தூக்கி எறிகிறாள். இப்படிப்பட்ட கதைகளுக்காகவே மூன்று விருது. துணிச்சல்காரி என்று பத்திரிகைகள் கொண்டாடின.

"இந்த மாதிரி கப்புக்கு ரெண்டு நாளா பிரிஞ்சாங் டவுன் பூரா தேடுனேன். இங்கயே இருக்குலா," என்றார் மகேன். அவர் கிண்டல் செய்திருந்தாலாவது சிந்தியா சமாளித்திருப்பாள். நாக்கைப் பிடுங்கிக்கொண்டு சாகலாம்போல இருந்தது.

டோரீனுக்கு ஒன்றும் புரியவில்லை. வீட்டுக் குவளை டிவியில் வரப்போகிறதே என்று சந்தோஷமாகக் கொடுத்தாள். செத்துப்போன கிராணி ஹரோல்டின் மனைவி. ஞாயிறுதோறும் தேவாலயத்தில் ஊராரோடு ஒரே கிண்ணத்தில் திராட்சை ரசம் குடிக்கிறவள். அதில் வராத கூச்சம், துணி துவைத்து முற்றம் பெருக்குகிற குமுதாவிடம் மட்டும் வந்துவிடும்.

படப்பிடிப்பில் நடிகை அந்தக் குவளையைத் தேயிலைச் செடிகளுக்குள் வீசினாள். குழுவே கைதட்டியது. துணிக்கொடியடியில் நின்று குமுதாவும் பார்த்தாள்.

குழு கிளம்பிப் போனதும், அவள் செடிகளுக்குள் குனிந்து தேடி, குவளையைக் கழுவி எடுத்துக்கொண்டு பின்வாசலுக்கு வந்தாள். அது அவள் தேநீர் குடிக்கும் நேரம். சிந்தியா அலமாரியிலிருந்த பூப்போட்ட பீங்கான் கோப்பையில் தேநீரை நீட்டினாள். தன்னைவிடப் பத்து வயது மூத்தவளைப் பேர் சொல்லியே கூப்பிட்டுப் பழகிய வாய்.

"அக்கா, இதுல குடிங்க."

குமுதா கை நீட்டவில்லை.

"ஒங்க டிராமா ஒண்ணு விட்டதில்ல பாப்பா. நல்லா அழுவேன். இம்புட்டு தெரிஞ்ச புள்ள, ஒரு நாளு அம்மாகிட்ட கேக்கும்னு இருவது வருசமா பாத்துக்கிட்டே இருந்தேன்லா."

டோரீன் அடுப்படியில்தான் நின்றாள். சிந்தியா திரும்பிப் பார்த்தாள். பக்கம் பக்கமாக எழுதுகிறவளுக்கு "அம்மா" என்பதற்குமேல் ஒரு சொல் வரவில்லை. குமுதா நீலக் குவளையை வாசற்படியில் வைத்தாள்.

"இனிமே எனக்கு இது வேணாம். அடுத்த கதைக்கு வச்சுக்குங்க."

நாளைக்குத் திரைச்சீலை துவைக்க வேண்டும் என்று டோரீன் பின்னாலிருந்து கூப்பிட்டாள். குமுதா நிற்காமல் தொழிலாளர் லயத்துப் பக்கம் இறங்கிப் போனாள்.

"கோவம் வருதாம்," என்றாள் டோரீன். மகள் கையிலிருந்த பீங்கான் கோப்பையைப் பார்த்தாள். "அதை அவ தொட்டாளா?"

"தொடலம்மா."

"அப்ப கழுவி உள்ள வை."

என்ன கேள்விக்குப் பதில் சொன்னோம் என்பது சிந்தியாவுக்கு அதற்குப் பிறகுதான் உறைத்தது. மூன்று விருது வாங்கியவள் அன்று அம்மாவிடம் பேசிய வசனம் அது ஒன்றுதான்.