சோடாத் தொட்டியில் ஒரு ஊமைப்படம்

"பல்லு மொளைக்கறதுக்கு முன்னாடியே பழவேற்காட்டு ஏரில ஏழு தடவ முழுகிச் செத்தவ நானு. அத சினிமாவுல பாத்துட்டு லண்டன் ராணி மூணு நாளு சோறு துன்னல, தெரியுமா?"

கங்கம்மாள் இதைச் சொல்லாமல் கும்மிடிப்பூண்டியில் பொழுது விடிந்ததே கிடையாது. கேட்டுக்கொண்டிருக்க வேண்டியவள் ரோசம்மாள். ஒரே தொட்டிக்கு இந்தப் பக்கம் இவள், அந்தப் பக்கம் அவள்.

"நேத்து அஞ்சு தடவன்னியேக்கா!"

"ஓசிச்சிப் பாத்தேன்டி. ரெண்டு வுட்டுப்போச்சி."

அது பழைய பிலிம் கழுவுகிற கொட்டகை. ஓடி ஓய்ந்த படங்கள் லாரி லாரியாக வந்து இறங்கும். சுடுசோடாக் காரம் கரைத்த தண்ணீரில் ஊறவைத்துத் தேய்த்தால் மேலிருக்கும் கறுப்பு வழன்று வந்துவிடும். அந்தச் சேற்றில் இருக்கும் வெள்ளி முதலாளிக்கு. கண்ணாடியாய் வெளுத்த பிலிம் வளையல் செய்கிறவர்களுக்கு. ராஜா, குதிரை, கதாநாயகி என்று அத்தனை பேரும் அங்கேதான் கரைந்தார்கள். பின்பக்கத்துச் சாக்கடையில் தவளைகூட மீசை முறுக்கும் என்று பேச்சு.

கங்கம்மாள் மூன்று மாதக் குழந்தையாக இருந்தபோது மெட்ராஸிலிருந்து ஊமைப்படக் கம்பெனி ஒன்று ஏரிக்கு வந்ததாம். கதாநாயகிக்குத் தண்ணீர் என்றால் நடுக்கம். அதனால் கங்கம்மாளின் அம்மா பூவம்மாளுக்குப் பட்டுச்சேலை கட்டிவிட்டு, முழுகிச் சாகிற காட்சிக்காகக் குழந்தையோடு ஏரியில் இறக்கினார்களாம். அந்த வருஷமே பூவம்மாள் வாந்திபேதியில் போய்விட்டாள். போட்டோ ஒன்றும் கிடையாது. இடது கையில் தேள் பச்சை குத்தியிருந்தாள் என்று அப்பன் சொன்னதுதான் அடையாளம்.

படமும் எங்கோ தொலைந்தது. பெற்றவள் முகத்தை ஒரு தடவை பார்த்துவிட வேண்டும் என்றுதான் கங்கம்மாள் மூன்று வருஷமாக ஏரிக்கரையிலிருந்து பஸ் ஏறி இந்த வேலைக்கு வருகிறாள். சோடா ஆவியில் அவள் கண் மங்கிவிட்டது. ஒவ்வொரு சுருளையும் முக்குவதற்கு முன் கேட்பாள்:

"ரோசா, வெளிச்சத்துல காட்டிப் பாருடி. பொம்பள, கொழந்த, தண்ணி."

ரோசம்மாள் சுருளைக் கூரை ஓட்டை வெளிச்சத்துக்குத் தூக்குவாள். ஒரு கொட்டாவி விடுவாள். "இல்லக்கா, ஏதோ குதிர."

ஒருநாளும் அவள் பார்த்ததில்லை. ஏழு தடவை செத்தவள் பேச்சை நம்பி யார் கண்ணை நோகவைத்துக்கொள்வார்கள்?

எழுபத்துமூன்றாம் வருஷத்து ஆடியில் ஒரு சுருள் வந்தது. வெல்லக் கட்டிபோல ஒட்டிக் கிடந்தது.

"இன்னாடி அது?"

"குதிரக்கா." தொட்டியில் போட்டாள்.

ஊறியதும் அவளே பிரித்தாள். மேல்சுற்றெல்லாம் வெளுத்துவிட்டது. நடுவில் ஒரு முழம் மட்டும் இன்னும் கறுப்பு. என்ன தோன்றியதோ, வெளிச்சத்துக்குத் தூக்கினாள்.

தண்ணீர். அதில் ஒரு பொம்பளை. தலைக்கு மேலே குழந்தை. தூக்கிய இடது கையில் எறும்பளவு ஒரு தேள்.

முகத்துக்குக் கண்ணை இறக்குவதற்குள் கறுப்பு நழுவ ஆரம்பித்தது. ரோசம்மாள் விரலால் தடுத்தாள். தடுத்த விரலே தேய்த்துவிட்டது.

"இன்னாடி ரோசா, கம்முனுகீற? குதிர கடிச்சிட்சா?"

ஆமாம் என்று சிரித்துவிட்டால் போதும், யாருக்கும் தெரியப்போவதில்லை. கையிலிருந்த வெற்று பிலிம் வழியாக எதிரே கங்கம்மாளின் முகம் தெரிந்தது.

"அக்கா, மூணு வருசமா நான் ஒண்ணுத்தையும் பாக்கல. சும்மாங்காட்டியும் சொல்லிக்கினு இருந்தேன்."

கங்கம்மாளின் கை நின்றது.

"இதுல தேளு இருந்திச்சிக்கா. எடது கையில."

"மூஞ்சி?"

"பாக்கறதுக்குள்ள போயிட்சி."

கங்கம்மாள் முழங்கை வரை தொட்டிக்குள் விட்டாள். சேற்றை அள்ளினாள். விரலிடுக்கில் கறுப்பாக வழிந்தது. மறுபடி அள்ளினாள். கை வெந்து சிவந்த பிறகும் அள்ளிக்கொண்டிருந்தாள். ரோசம்மாள் ஓடிவந்து இழுத்துத்தான் நிறுத்த வேண்டியிருந்தது.

பெருமையெல்லாம் வடிந்துபோன குரலில் கங்கம்மாள் கேட்டாள்:

"எத்தினி தடவடி முழுகுனேன்?"

"ஒரு தடவகூட இல்லக்கா. ஒம்மேல தண்ணி படாம ஒசரத் தூக்கிப் புட்ச்சினு நின்னா ஒங்கம்மா. படம் புட்ச்சது நெசந்தான்க்கா. நடந்திச்சி."