துஃபாஹா விமானம் ஏறினாளா?

1

இந்தக் கதை ஒரு முட்டையிலிருந்து பிறந்தது. சிரிக்காதீர்கள். பாக்தாத் யூதர் வீடுகளில் வெள்ளி மாலையே சோற்றுப் பானையின் மூடிமேல் முட்டைகளை வைத்துவிடுவோம். இரவெல்லாம் அந்தச் சூட்டில் கிடந்து சனிக்கிழமை காலையில் பழுப்பேறியிருக்கும். ஓய்வுநாளில் நெருப்பு மூட்டக் கூடாது, விளக்கு ஏற்றக் கூடாது, பேனாவைத் தொடக் கூடாது. கடைசியாகச் சொன்னதில்தான் வம்பு வந்தது.

தொடக்கம் ஒன்று: "ஹெஸ்கேல் பிறவியிலேயே எழுத்தாளன்..." (பொய். பிறவியிலேயே அழுமூஞ்சி. வரியை அடித்துவிட்டேன்.)

தொடக்கம் இரண்டு: "1951, குளிர்காலம். யூதர்கள் ஈராக் குடியுரிமையை எழுதிக் கொடுத்துவிட்டு இஸ்ரேலுக்கு விமானம் ஏறலாம், ஆனால் திரும்பி வரக் கூடாது என்று சட்டம் வந்திருந்த..." (இது செய்தித்தாள் நடை. இருந்தாலும் கிடக்கட்டும். இது தெரியாமல் உள்ளே வந்தால் முட்டிக்கொள்வீர்கள்.)

2

ஹெஸ்கேல் துணி வியாபாரி மெனாஷியின் ஒரே மகன். அரபியில் கதை எழுதுகிறவன். 'யூதன் ஏன் அரபியில் எழுதுகிறான்?' என்று யாராவது கேட்டால் எனக்குப் பற்றிக்கொண்டு வரும். வேறு எதில் எழுதுவான்? அம்மா திட்டியது அரபியில். காதலி முடியாது என்றதும் அரபியில். கெய்ரோவில் நாடகம், பாக்தாத்தில் சிறுகதை, இரண்டு ஊரிலும் பத்திரிகை என்று எங்கள் ஆட்கள் கை வைக்காத இடம் இல்லை. பள்ளிக்கூடத்தில் அரபிப் பாடத்தில் முதலில் வருவதும் பெரும்பாலும்... (கட்டுரையாகிறது. நிறுத்துகிறேன்.)

அவன் எழுதிய தொடர்கதையின் நாயகி துஃபாஹா. பெட்டியைக் கட்டிவிட்டு, போவதா இருப்பதா என்று மூன்று இதழாக வாசலிலேயே நிற்கிறாள். ஹெஸ்கேலும் அப்படித்தான் நின்றான். மெனாஷி விமானத்துக்குப் பெயர் பதிந்துவிட்டார். மகன் பதியவில்லை. பதிவு முடியச் சில நாட்களே இருந்தன.

3

சனிக்கிழமை காலை. கடைசி அத்தியாயத்தில் கடைசி வரி மட்டும் பாக்கி. மதியம் அச்சுக்குப் போகிறது. அப்போது சிநேகிதன் ஷாகிர் வந்தான். முஸ்லிம், பள்ளி ஆசிரியன், சனிக்கிழமை முட்டைக்கென்றே அவதரித்தவன்.

"தின்ன முட்டைக்குக் கூலியா ஒரு வரி எழுதித் தாடா."

"வரிக்கு ஒரு முட்டையா? அப்ப நான் நாவலே எழுதுறேன். சொல்லு."

"'துஃபாஹா பெட்டியைத் தூக்கினாள். திரும்பிப் பார்க்கவில்லை.'"

ஷாகிரின் பேனா நின்றது. "போயிடுறாளா?"

"அப்பா கூடப் போறா. கிழவரைத் தனியா எப்படி அனுப்புறது?"

"நான் துஃபாஹாவைக் கேட்டேன்."

"நானும் அவளைத்தான் சொல்றேன். எழுதுடா."

எழுதினான். அச்சகத்தில் தானே கொடுத்துவிடுவதாகச் சொல்லி மடித்துப் பைக்குள் வைத்துக்கொண்டான். படிக்கத் தடை ஒன்றும் இல்லை, ஆனாலும் ஹெஸ்கேல் வாங்கிப் பார்க்கவில்லை. சிநேகிதன் எழுதியதைச் சரிபார்ப்பது மரியாதையா?*

(*அடுத்தவன் கையால் எழுதுவிப்பதும் கூடாது என்பார் எங்கள் குரு. அதனால்தான் அவரிடம் கேட்கவில்லை.)

4

மெனாஷிக்கு அரபிப் பேச்சு தண்ணீர் பட்ட பாடு. எழுத்து மட்டும் ஹீப்ருதான் தெரியும். மகன் கதையைக் காப்பிக் கடையில் யாராவது வாசிக்கக் கேட்பார். இதழ் வெளிவந்த அன்றைக்கும் கேட்டார்.

"துஃபாஹா பெட்டியைப் பிரித்தாள். துணிகளைத் திரும்ப அலமாரியில் அடுக்கினாள்."

கடையே கைதட்டியது. மெனாஷி தேநீரைக் குடிக்காமல் வீட்டுக்கு நடந்தார்.

"ஏண்டா, வரலைன்னா வாயைத் திறந்து சொல்லக் கூடாதா? உங்கப்பன் காப்பிக் கடையிலதான் தெரிஞ்சுக்கணுமா?"

"அப்பா, அது நான் எழுதலை."

"பேரு உன் பேருதானே போட்டிருக்கு? சரி விடு. எல்லாரும் கைதட்டினாங்கடா. நம்ம பையனுக்கு! நீ இரு. அங்க உனக்குக் கைதட்ட யார் இருக்கா? நான் போய்க்கிறேன்."

திட்டியிருந்தால் தாங்கியிருக்கலாம். அவர் பெருமையோடு சொன்னதைத்தான் என்னால், மன்னிக்கவும், ஹெஸ்கேலால் தாங்க முடியவில்லை.

5

"ஏண்டா மாத்தின?"

"கை தானா எழுதிடுச்சு."

"ஷாகிர்!"

"சரிடா. போகாதேன்னு உன் மூஞ்சியைப் பார்த்துச் சொல்ல எனக்கு என்ன யோக்கியதை இருக்கு? தெருவுல உங்களை என்னென்ன பேசுறாங்கன்னு எனக்குத் தெரியாதா? கதையில சொன்னா யாரும் யோக்கியதை கேக்க மாட்டாங்க. அதான்."

"இப்ப நான் என்ன பண்றது?"

"பதிவு நாளைக்கு முடியுது. அதுல கையெழுத்துப் போடவும் ஆள் வேணுமா உனக்கு?"

இருவரும் சிரித்தார்கள். ஷாகிர் முதலில் நிறுத்தினான்.

6

முடிவு அ: ஹெஸ்கேல் பதிகிறான், போகிறான். அகதிக் கூடாரத்தில் அரபியில் எழுதி அப்பாவுக்கு வாசித்துக் காட்டுகிறான். ஷாகிருக்கு அனுப்ப வழியில்லை. இரு நாட்டுக்கும் நடுவில் தபால் கிடையாது.

முடிவு ஆ: இருக்கிறான். கைதட்டல் கிடைக்கிறது. அப்பா இறந்தால் செய்தி கிடைக்காது.

முடிவு இ: ஷாகிரும் கூடவே விமானம் ஏறி... (யார் விடுவார்கள்? அடித்துவிட்டேன்.)

"ஐயா, நீங்கள் எந்த ஊரில் உட்கார்ந்து எழுதுகிறீர்கள்? அதைச் சொன்னால் குட்டு வெளிப்பட்டுவிடுமே" என்று கெட்டிக்கார வாசகர் ஒருவர் கேட்பார். ஜன்னலுக்கு வெளியே மாங்காய் ஊறுகாய் மணக்கிறது. அது பாக்தாத்திலும் மணக்கும், இஸ்ரேலில் எங்கள் ஆட்கள் குடியேறிய ராமத் கானிலும் மணக்கும். மோப்பம் பிடித்துப் பயனில்லை.

முடிவு எனக்குத் தெரியும். எழுதத்தான் வரவில்லை. இருந்துவிட்டான் என்று எழுதினால், கிழவர் மெனாஷி யாரோ ஒருவருடைய தோளைப் பிடித்துக்கொண்டு விமானப் படி ஏறுவதை எழுத வேண்டும். போய்விட்டான் என்று எழுதினால், ஷாகிர் பூட்டிய கதவைத் தட்டிவிட்டுத் திரும்பிப் போவதை எழுத வேண்டும். இத்தனை வயதாகியும் எனக்கு இரண்டுமே வலிக்கிறது. நீங்கள் அவர்களில் ஒருவரையும் பார்த்ததில்லை. உங்களுக்கு வலிக்காது. நீங்களே எழுதிக்கொள்ளுங்கள்.