கீழே வைக்காதவள்

சவப்பெட்டியின் மூடியோடு வந்த இரண்டு வெள்ளைக்காரர்களும் அப்படியே நின்றுவிட்டார்கள். கனகாம்பிகை மகனின் தலைமயிரைக் கோதுவதை நிறுத்துவதாக இல்லை. கோதினாள், சட்டைக் கொலரில் சிந்தியிருந்த வாய்க்கரிசியைப் பொறுக்கினாள், திரும்பவும் கோதினாள்.

ரதீசனுக்கு நாற்பது வயதுதான். பஸ் ஓட்டியவன், மாரடைப்பு. லண்டனின் மோர்டன் தமிழ்ச்சனமே திரண்டு வந்திருந்தது, பாதி அழுவதற்கு, பாதி அவன் தங்கை சயந்தினியைப் பார்ப்பதற்கு. உகண்டாக் காட்டில் ஆராய்ச்சியென்று சிம்பன்சிகளுக்குப் பின்னால் திரிகிறவள், கலியாணம் கட்டாதவள், தமையனுக்கு ஒரு சொட்டுக் கண்ணீரும் விடாதவள் என்றால் சனம் பார்க்காமல் என்ன செய்யும்? வந்து இறங்கியதிலிருந்து தாய் அவளோடு ஒரு சொல் பேசவில்லை என்பதும் எல்லாருக்கும் தெரிந்திருந்தது.

"குரங்கு டொக்டர்" என்று அவளுக்குப் பட்டம் வைத்தவர் மாமா குகதாசன். மோர்டனில் எந்தச் செத்தவீடும் அவர் பொறுப்பில்தான். செத்தவரைத் தவிர மற்ற எல்லாருக்கும் உத்தரவு போடுவார். இப்போது மணிக்கூட்டைப் பார்த்தார்.

"பிள்ளை, கிரமட்டோரியத்திலை எரிக்கத் தந்த நேரம் போகுது. கொம்மாவை இஞ்சாலை இழு."

போன மழைக்காலத்தில் ஒரு தாய்ச் சிம்பன்சி செத்த குட்டியைச் சுமந்து திரிந்ததைச் சயந்தினி பார்த்திருந்தாள். குட்டி காய்ந்து சருகான பிறகும் தாய் அதில் மொய்த்த இலையான்களைக் கலைத்தது, மயிரை விலக்கிப் பேன் பார்த்தது. கூட்டத்தில் மற்றவை எதுவும் குட்டியைப் பறிக்கவில்லை. பக்கத்தில் வந்து இருந்தன, அவ்வளவுதான். ஒருநாள் அதுவாகவே குட்டியை மரத்தடியில் விட்டுவிட்டுப் போனது. போனில் இதைச் சொன்னபோது ரதீசன் சிரித்தான். "எங்கடை அம்மா உதைவிட மோசமடி. கீழை வைக்கவே மாட்டா."

"விடுங்கோ மாமா," என்றாள் சயந்தினி. "அவவே விடுவா."

"உது காடில்லைப் பிள்ளை."

சயந்தினி கதிரையொன்றை இழுத்துத் தாயின் தோளோடு தோள் உரச இருந்தாள். கொலரில் மிஞ்சியிருந்த ஓர் அரிசியை எடுத்தாள். பின்னால் முணுமுணுப்பு எழுந்தது. பிறகு, அதுவரை அதிகம் முணுமுணுத்த பக்கத்து வீட்டு மெற்றில்டாவே கதிரையோடு வந்து பின்னால் இருந்தாள். இன்னும் சிலர் வந்தார்கள். நிற்கிறவர் தான் மட்டும்தான் என்று கண்ட குகதாசனும் இருந்தார்.

"தலை சரியோ?" தாய் கேட்டாள்.

"ஓம் அம்மா. வடிவா இருக்கு."

கனகாம்பிகை கையை எடுத்தாள். சயந்தினியின் தலையைத் தன் பக்கம் சாய்த்து, கலைந்திருந்த மயிரை விரலால் வகிடெடுத்துக் கோதத் தொடங்கினாள். மூடி இறங்கியதை இருவரும் நிமிர்ந்து பார்க்கவில்லை.