சூப்பு சுட்டதால் வந்த விசில்

என் கணவன் அன்செல்ம் போட்ட மெட்டுக்கு ஆடாத பள்ளிக்கூடப் பிள்ளை பிரான்ஸில் கிடையாது. ஆனால் அவனுக்கு அதில் திருப்தி இல்லை. நாற்பது பேர் வாசிக்கிற இசையைச் சினிமாவுக்கு எழுத வேண்டும் என்று தவம் கிடந்தான். சினிமாக்காரர்களோ ‘துள்ளல் பாட்டுக்காரன்’ என்று அவனை அண்டவிடவில்லை.

அறுபத்தேழாம் வருஷம் இயக்குநர் கோர்பினோ ஒரு திருடனைப் பற்றிய படத்துக்கு இசையமைக்கக் கொடுத்தார். “இது சரியா வந்தா அடுத்த படமும் உனக்குத்தான். சொதப்பினா, பேசாம குதிக்கிற பாட்டுக்கே போயிடு” என்றார். கடைசிக் காட்சிக்கு ட்ரம்பெட் தனியாக ஒலிக்கும் ஒரு மெட்டு. அதை எழுதி முடிப்பதற்குள் அன்செல்ம் என்னைப் படுத்திய பாடு எனக்குத்தான் தெரியும்.

ஒலிப்பதிவன்று, வயலினைவிடக் கொஞ்சம் பெரிசான வயோலாவை வாசிக்கிறவர்கள் வரிசையில் நானும் இருந்தேன். மத்தியானச் சாப்பாடு முடிந்து ட்ரம்பெட்காரர் லூசியன் உதட்டில் கொப்புளத்தோடு வந்தார். எதிர்க்கடையில் வெங்காய சூப்பைக் கொதிக்கக் கொதிக்க வாயில் வைத்திருக்கிறார் மனுஷன்.

“ஊதுறதுதானே உங்க பொழப்பு? சூப்பை ஊதிக் குடிக்கத் தெரியாதா?” என்று கத்திவிட்டேன்.

பாவம், மன்னிப்புக் கேட்கக்கூட அவருக்கு உதடு ஒத்துழைக்கவில்லை.

இசை காட்சியோடு பொருந்துகிறதா என்று பார்ப்பதற்காக, ட்ரம்பெட் வரும் இடத்தில் அன்செல்மே விசிலடித்தான். மறுநாள் ட்ரம்பெட்டைச் சேர்த்துக்கொள்ளலாம் என்று நினைப்பு. ஒலிப்பதிவுக் கண்ணாடி அறைக்குள்ளிருந்து கோர்பினோ ஓடி வந்தார். “இதேதான்! இனிமே இதுல கை வைக்காதே!”

அன்செல்ம் வீட்டுக்கு வந்து சாப்பிடவில்லை. “எட்டு வருஷம் இசைக் கல்லூரியில படிச்சேன், சோலாஞ்ச். கடைசியில விசிலடிச்சான் குஞ்சு ஆயிட்டேன்.”

“முதல்ல சாப்பிடு. கோழி ஆறுது” என்றேன்.

படம் பிய்த்துக்கொண்டு ஓடியது. ரொட்டிக்கடையிலும் மெட்ரோ ரயிலிலும் அதே விசில். தொலைக்காட்சியில் கூப்பிட்டார்கள். நேரடி ஒளிபரப்பு, நாங்கள் வாசிக்க, அவன் விசிலடிக்க வேண்டும். பயந்தால் அவனுக்குச் சிரிப்பு வரும். சிரிக்கிற வாயால் விசிலடிக்க முடியுமா?

அவன் முறை வந்தது. உதட்டைக் குவித்தான், சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது. மறுபடி குவித்தான், வெறும் காற்று. பார்வையாளர்களின் முதல் வரிசையில் கோர்பினோ தலையில் கைவைத்துக்கொண்டார். அடுத்த படம் போச்சு என்றே நினைத்தேன்.

அப்போது பின்வரிசையில் ஒரு பருத்த அம்மாள் விசிலடிக்க ஆரம்பித்தாள். அவள் புருஷனும் சேர்ந்துகொண்டான். கொஞ்ச நேரத்தில் அரங்கமே விசிலடித்தது. அன்செல்ம் எங்களுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு ஜனங்களைப் பார்த்துக் கையசைத்து அவர்களை நடத்தினான். ஒரு சுரம் பிசகவில்லை. எனக்கு அழுகை வந்துவிட்டது, பெருமையில்தான்.

முடிந்ததும் கோர்பினோ மேடைக்கு வந்தார்.

“அடுத்த படத்துக்கும் விசில்தானே?” என்று அன்செல்ம் சலித்துக்கொண்டான்.

“விசிலா? அதைத்தான் ஊரே சும்மா அடிக்குதேப்பா! அதுக்கு நீ எதுக்கு? நீ நாற்பது பேருக்கு எழுது.”

அன்செல்ம் அவரைக் கட்டிப்பிடித்து இரண்டு கன்னத்திலும் முத்தம் கொடுத்தான். அந்த ஈரம் காய்வதற்குள், “நாற்பது போதாதுங்க, ஐம்பதா வச்சுக்கலாம்” என்று பேரம் பேச ஆரம்பித்துவிட்டான்.