சூடம் அணைத்த கை

ரத்தப் பரிசோதனையில் என்ன வரும் என்பது அந்தக் கோர்ட்டில் இரண்டே பேருக்குத்தான் முன்கூட்டியே தெரியும். ஒருத்தி என் மனைவி சசிரேகா. இன்னொருத்தன் நான். குழந்தை என்னுடையது இல்லை என்று கேஸ் போட்டவனும் நான்தான். சொந்தச் செலவில் சூனியம் வைத்துக்கொள்வது என்பார்களே, அதுதான்.

கல்யாணமான வருஷம், ஆடி பிறப்பதற்கு முந்தின நாள், அவளைக் காவாந்தண்டலத்தில் இருக்கும் அம்மா வீட்டுக்கு அழைத்துப் போனார்கள். ஆடியில் சேர்ந்திருந்தால் சித்திரையில் பிள்ளை பிறக்கும். 'சித்திரை அப்பன் தெருவிலே' என்பது எங்கள் பக்கத்துப் பயம். நானே சித்திரையில் பிறந்தவன். எனக்கு ஒரு வயசு ஆகுமுன் அப்பா பாம்பு கடித்துச் செத்துப்போனார். அம்மாவுக்கு அந்தப் பயம் சாகிறவரை போகாது.

எனக்குப் பதினைந்து நாள்தான் தாங்கியது. யூரியா வாங்க உத்திரமேரூர் போகிறேன் என்று அம்மாவிடம் சொல்லிவிட்டு, வண்டியைக் காவாந்தண்டலத்துக்கு விட்டேன். மாமனாரும் மாமியாரும் களையெடுக்கப் போயிருந்தார்கள்.

"உங்கம்மாவுக்குத் தெரிஞ்சா இன்னா பண்ணுவ?" என்று சிரித்துக்கொண்டே கதவைச் சாத்தினாள் சசிரேகா.

சித்திரை பத்தாம் தேதி பெண் பிறந்தது. ஆடிக்குப் புறப்பட்ட அன்று மருமகள் மாதவிலக்காகித் தூரமாக இருந்தது அம்மாவுக்குத் தெரியும். விரலை மடக்கி மாதத்தை எண்ணினாள்; கணக்கு ஆடியில் போய் நின்றது. வெற்றிலையில் சூடத்தைக் கொளுத்தி என் முன்னால் நீட்டினாள்.

"ஆடியில நீ அங்க போனியாடா தமிழரசா?"

போனேன் என்று சொல்லியிருந்தால் திட்டியிருப்பாள், அழுதிருப்பாள், அத்தோடு தீர்ந்திருக்கும். நான் கோழை. "போவலமா" என்று சூடத்தை அணைத்துச் சத்தியம் பண்ணினேன். குறைமாசப் பிள்ளை என்று நினைத்துக்கொள்வாள் என்று நம்பினேன். மூன்று கிலோ இருந்த குழந்தையை யார் குறைமாசம் என்பார்கள்?

சசிரேகா உண்மையைச் சொல்லாமல் இல்லை. "அவன் சூடம் அணைச்சிட்டாம்மா" என்று எல்லோரும் அவள் வாயை அடைத்தார்கள். என் தாய்மாமா கன்னியப்பன் வக்கீலைப் பிடித்தார். அவர்கள் காட்டிய இடத்தில் நான் கையெழுத்துப் போட்டேன். பொய்ச் சத்தியம் பண்ணினவன் என்று தெரிந்தால் ஊரில் யார் முகத்தில் விழிப்பது என்பது மட்டும்தான் அப்போது என் கவலை. இப்போது நினைத்தால் என்னையே செருப்பால் அடித்துக்கொள்ளலாம் போலிருக்கிறது.

கல்யாணத்துக்குப் பின் பிறந்த குழந்தை புருஷனுடையது என்றே சட்டம் எடுத்துக்கொள்ளும், டெஸ்ட் வேண்டாம் என்று அவள் வக்கீலே சொன்னாராம். "சட்டத்துக்கு இல்ல சார், ஊருக்கு வோணும்" என்று அவள்தான் பிடிவாதமாக நின்றாள்.

போன வாரம் ரிசல்ட் வந்தது. தகப்பன் நான்தான் என்று ஜட்ஜ் படித்ததும் அம்மா என் சட்டையைப் பிடித்து வெளியே இழுத்து வந்தாள்.

"பாவி, இன்னா காரியம்டா பண்ணிகினு வந்துகிற!" என்று தலையில் அடித்துக்கொண்டு அழுதாள். "போடா, போய் இட்டுகினு வா. நம்ம வூட்டுக் கொழந்தடா அது."

கோர்ட் வாசலில் மூன்று வயது பூஜாவோடு நின்றிருந்தாள் சசிரேகா.

"வூட்டுக்குப் போலாம் சசி."

அவள் கத்தவில்லை. கத்தியிருந்தால் தாங்கியிருப்பேன்.

"டெஸ்ட்டு எடுத்த அன்னைக்கு, நரம்பு கெடைக்காம இவ கையில ரெண்டு வாட்டி ஊசி குத்துனாங்கோ. எப்படி அலறுனா. அப்பவாவது, 'உடுங்க, என் பொண்ணுதான்'னு ஒரு வார்த்த சொல்லுவன்னு உன் மூஞ்சையே பாத்துகினு இருந்தேன். நீ ஜன்னலப் பாத்துகினு நின்ன."

பூஜா அவள் புடவைக்குப் பின்னாலிருந்து எட்டிப் பார்த்தாள்.

"யாரும்மா இது?"

"அன்னைக்கு நம்மகூட ரத்தம் குடுத்தாரே, அவரு" என்று சொல்லி, குழந்தையைத் தூக்கிக்கொண்டு பஸ் ஸ்டாண்டுப் பக்கம் நடந்தாள் சசிரேகா.