தள்ளுபடி அக்காவின் கால்

பட்டறையில் அவளுக்கு வைத்திருந்த பெயர் தள்ளுபடி அக்கா. கடைக்காரர்கள் கொடுக்கும் தள்ளுபடி அல்ல. கடைந்து கொடுத்த திருகாணியோ கம்பியோ, எதுவானாலும் அளந்து பார்த்து, "காந்தம் இருக்கு, தள்ளுபடி" என்று முகத்தில் அடித்தாற்போலத் திருப்பி அனுப்புகிறவள் என்பதால் வந்த பெயர்.

அவள் வேலை அப்படி. ஒரு பெருங்கோளைச் சுற்றும் நிலவுக்குப் போகவிருந்த காந்தமானி அவள் பொறுப்பில் இருந்தது. அந்த நிலவின் மேற்பரப்பு முழுக்கப் பனிக்கட்டி. கீழே கடல் இருக்கிறதா என்று தோண்டிப் பார்க்க முடியாது. ஆனால் கோளின் காந்தப்புலம் நிலவின் மேல் கூடிக் குறையும்போது, அடியில் உப்புத்தண்ணீர் இருந்தால் அதுவும் தன் பங்குக்கு மெலிதாக ஒரு காந்தப்புலத்தை எழுப்பும். அதைத்தான் கருவி மோப்பம் பிடிக்க வேண்டும். அதைச் சுமந்து போகும் விண்கலத்தில் ஒரே ஒரு திருகாணியில் காந்தம் ஏறியிருந்தாலும் கணக்கு குழம்பி, இல்லாத கடலை இருக்கிறது என்று சொல்லிவிடும்.

கருவியை அவளே கலத்தின் நீண்ட கையில் பொருத்த வேண்டிய சமயம் பார்த்துக் குளியலறையில் வழுக்கி விழுந்து தொடை எலும்பை முறித்துக்கொண்டாள். ஸ்ட்ரெச்சரில் கிடந்தபடி டாக்டரிடம் கேட்ட முதல் கேள்வி, "என்ன உலோகம் வைப்பீங்க?"

"உயிர் போற வலியிலயும் இதான் கேள்வியா?" என்று கணவன் தலையில் அடித்துக்கொண்டான்.

டாக்டர் சிரித்தார். "டைட்டானியம்தாம்மா. அதுல காந்தம் ஏறாது, பயப்படாதீங்க."

கைத்தடியோடு வேலைக்குத் திரும்பிய அன்று அவளே தலைமை ஃபிட்டரைக் கூப்பிட்டாள்.

"அண்ணே, நான் அளக்கற அறைக்கு உள்ளே போய் நிக்கறேன். நீங்க திரையைப் பாருங்க."

"உங்களையே அளக்கணுமா?"

"திருகாணிக்கு ஒரு நியாயம், எனக்கு ஒரு நியாயமா?"

உணரியின் அருகே போய் நின்று, முறிந்த காலை முன்னே வைத்தாள், பின்னே இழுத்தாள். கண்ணாடிச் சுவருக்கு அந்தப்பக்கம் ஃபிட்டர் திரையை நெருங்கிக் குனிந்தார்.

"அண்ணே?"

"கோடு கொஞ்சம் ஆடுதும்மா. கொஞ்சந்தான்."

வெளியே வந்து பார்த்தாள். கால் அசைந்தபோதெல்லாம் கோடு துள்ளியிருந்தது. அங்கேயே கணவனுக்குப் போன் போட்டாள். அவன் முதலில் மென்று விழுங்கினான்.

"நீ மயக்கத்துல இருந்தே. உன் அளவுக்கு டைட்டானியம் கையிருப்பு இல்லைன்னாங்க. எஃகுதான் இருந்துச்சு, காந்தம் ஒட்டாத எஃகுன்னாங்க. சரின்னுட்டேன். சொன்னா நீ உடைஞ்சுபோயிடுவேன்னு..."

"போதும். வைங்க."

ஃபிட்டருக்கு மனசு கேட்கவில்லை. "காலோட கலத்துல ஏறியா போகப்போறீங்க? பொருத்திட்டு வந்துடப் போறீங்க. யாரு கேக்கப் போறா?"

அவளுக்கும் ஆசை தொண்டைவரை வந்தது. பல வருஷம் காத்திருந்த வேலை.

"பொருத்துறப்போ எடுக்கற அளவைத்தானே கடைசிவரைக்கும் நம்பப்போறோம்? அது பிசகினா எல்லாமே பிசகு. உங்க திருகாணி இப்படி ஆடியிருந்தா நான் என்ன சொல்லியிருப்பேன்?"

"தள்ளுபடி" என்றார், தரையைப் பார்த்தபடி.

"அப்போ நீங்கதான் பொருத்தணும்."

மறுநாள் காலையில் அவருடைய பெல்ட், மோதிரம், செருப்பு எல்லாம் கழன்றன.

"ஜிப்பும் ஆகாதுண்ணே."

"அய்யோ, மானம் போச்சு!"

நாடா வைத்த கால்சட்டையை ஒரு கையால் பிடித்துக்கொண்டே உள்ளே போனார். அவள் கண்ணாடிக்கு வெளியே மைக்கின் முன் உட்கார்ந்தாள். "இன்னும் கால் சுற்று. மெதுவா. நிறுத்துங்க."

"மூச்சு விடலாமா?"

"தாராளமா. மூச்சுல காந்தம் இல்ல."

மதியம் கடைசித் திருகாணி இறுகியபோது கோடு ஆடாமல் அசையாமல் கிடந்தது. பட்டறைக்காரர்கள் கை தட்டினார்கள். அவளும் தட்டினாள். பிறகு எதையோ சரிபார்ப்பதுபோல முகத்தைத் திரைப்பக்கம் திருப்பிக்கொண்டாள்.

சாயங்காலம் கணவன் காரோடு வாசலில் நின்றிருந்தான். முந்தின நாளிலிருந்து இருவருக்கும் பேச்சில்லை.

"முடிஞ்சுதா?"

"அவர் முடிச்சிட்டார். நான் பண்ணியிருந்தாகூட இவ்வளவு நிதானமா வந்திருக்காது."

"என் மேல கோபமா?"

"ஆமா. எஃகு வைக்கச் சொன்னதுக்கு இல்ல. சொல்லாம இருந்ததுக்கு."

அவன் தலையாட்டினான். அவள் இருக்கையில் உட்கார்ந்து, மடங்க மறுத்த காலை இரண்டு கையாலும் தூக்கி உள்ளே வைத்தாள்.

"எலும்பு கூடினதும் இந்த எஃகை எடுத்துடலாமான்னு டாக்டரைக் கேக்கணும். நீங்களும் வாங்க" என்றாள்.